சுவருக்குள் வயர் எங்கே ஓடுகிறது? – வாசகர் கேள்வி பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் சுவருக்குள் புதைக்கிற வயரைப் பற்றித்தான். காரணம் புரிகிறது. தோட்டங்களில் தனிவீடுகள் எழும்புகின்றன. லயத்தில், அதாவது வரிசையாக ஒட்டிக் கட்டிய தோட்ட வீடுகளில், இருப்பவர்களும் காம்பராவைத் திருத்திப் பூசும்போது வயரை உள்ளே மறைத்துவிட ஆசைப்படுகிறார்கள். தேயிலை ஸ்டோரில் மின்வேலை பார்த்து, பிறகு ஹட்டன் பக்கம் வீடு வீடாக வயரிங் செய்துவருகிறவன் நான். அந்த அனுபவத்தை வைத்துப் பதில் சொல்கிறேன். சில பதில்கள் நீளம்தான், பொறுமையாகப் படியுங்கள்.

எங்கள் புது வீட்டுக்குச் சுவர் எழும்பிவிட்டது. வயரிங் செய்ய வந்த தம்பி, மின்சாரத்தைப் பிரித்துக் கொடுக்கிற டிபி பொக்ஸிலிருந்து குசினி பிளக் வரைக்கும் சுவரில் சாய்வாக வெட்டியிருக்கிறார். "இப்படிப் போனால் வயர் மிச்சம், பூசிவிட்டால் யாருக்குத் தெரியப் போகிறது" என்கிறார். விட்டுவிடலாமா?
– வாசகி, கொட்டகலை

விட்டுவிடாதீர்கள் அம்மா. பூச்சு ஏறுவதற்கு முன்னால் கேட்டிருக்கிறீர்கள், திருத்த இன்னும் நேரம் இருக்கிறது.

"யாருக்குத் தெரியப் போகிறது" என்று அந்தத் தம்பி சொன்னாரே, ஆபத்து அங்கேதான் இருக்கிறது. ஐந்தாறு வருடம் கழித்து உங்கள் மகன் சாமி படத்துக்குத் தட்டு அடிக்க ட்ரில்லை எடுப்பான். அப்போது அவன் கண்ணில் படுவது பூசிய சுவரும் அதில் ஒரு பிளக்கும் ஒரு சுவிட்சும்தான். பிளக்குக்கு நேர் மேலே வயர் வந்திருக்கும், சுவிட்சுக்கு நேர் மேலே வயர் வந்திருக்கும் என்று எவருக்கும் தோன்றும். எந்தப் பொயிண்டுக்கும் நேராக இல்லாத நடுச்சுவரில் வயர் கிடக்கும் என்று யாருக்குத் தோன்றும்? வீட்டைக் கட்டியவரைப் பார்த்தே இராத ஒருவர் கூட, சுவரைப் பார்த்த மாத்திரத்தில் வயர் எங்கே இருக்கும் என்று ஊகிக்க முடிய வேண்டும். வயரை எங்கே புதைக்க வேண்டும் என்பதற்கு நான் பார்க்கிற முதல் அளவுகோல் இதுதான்.

இலங்கையில் வீட்டு வயரிங்குக்கு நாங்கள் அடிப்படையாக வைத்துக்கொள்கிற பிரித்தானிய விதி, பி.எஸ். 7671, இதையே அளவு போட்டுச் சொல்கிறது. சுவரின் மேற்பரப்பிலிருந்து 50 மில்லிமீற்றர், அதாவது 2 அங்குல ஆழத்துக்குள் வயர் போவதானால் அது போகக்கூடிய இடங்கள் கொஞ்சம்தான். சுவரின் உச்சியிலிருந்து 150 மில்லிமீற்றருக்குள் போகலாம், நம் கணக்கில் 6 அங்குலம். இரண்டு சுவர்கள் சேரும் மூலையிலிருந்தும் அதே 6 அங்குலத்துக்குள் போகலாம். இல்லாவிட்டால், கண்ணுக்குத் தெரிகிற சுவிட்ச், பிளக், டிபி பொக்ஸ் போன்ற ஒன்றிலிருந்து நேர் மேலாகவோ நேர் கீழாகவோ நேர் பக்கமாகவோ, அந்தப் பொக்ஸின் அளவுக்குள் போகலாம். சாய்வுக்கு இடமே இல்லை. தரையோரமும் இதில் சேராது, அதைப் பலர் கவனிப்பதில்லை. தரையிலிருந்து 3 அங்குலத்தில் அறையைச் சுற்றி வயரை ஓட்டிவிட்டு, பிறகு அதே உயரத்தில் ஓரப் பலகைக்கு ஆணி அடித்த வீடுகளைப் பார்த்திருக்கிறேன்.

அப்படியானால் 2 அங்குலத்துக்கு மேல் ஆழமாகப் புதைத்துவிட்டு இஷ்டப்படி போகலாமே என்று தோன்றும். நம் வீடுகளில் அது நடக்காது. உட்சுவர் பெரும்பாலும் 4 அங்குல புளொக் கல். ஒரு பக்கத்திலிருந்து 2 அங்குலம் உள்ளே தள்ளினால் மறுபக்கத்துக்குக் கிட்டப் போய்விடும், அந்த அறையில் இருப்பவர் ஆணி அடிப்பார். கல்லும் தாங்காது. மேலிருந்து கீழாக வெட்டும் வெட்டு சுவர்த் தடிப்பில் மூன்றில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது. கிடையாக வெட்டினால் ஆறில் ஒரு பங்குதான். 4 அங்குலக் கல்லில் கணக்குப் பார்த்தால் நேர்க்குத்தாக 33 மில்லிமீற்றர், கிடையாக 17 மில்லிமீற்றர் கூட வராது. வயருக்குச் சாதாரணமாக நாம் போடுகிற பைப்பே 20 மில்லிமீற்றர். ஆகவே அந்தச் சுவரில் கிடையாகப் பைப்பைப் புதைக்க இடமில்லை. உள்ளே துளை விட்ட கல்லாக இருந்தால் இன்னும் மோசம், கிரைண்டர் பட்டவுடன் மேல் ஓடே உடைந்துவிடும்.

அதனால் டிபி பொக்ஸிலிருந்து நேராக மேலே ஏற்றி, சீலிங் மட்டத்தில் சுவருக்கு மேலாகக் கொண்டுபோய், குசினி பிளக்குக்கு நேர் மேலே வந்ததும் இறக்கச் சொல்லுங்கள். வயர் எவ்வளவு கூடும் என்றும் பார்த்துவிடுவோம். 10 அடி அகலமும் 6 அடி இறக்கமும் உள்ள சுவரில் சாய்வாகப் போனால் ஏறக்குறைய 12 அடி, மேலாகப் போய் இறங்கினால் 16 அடி. மிச்சம் என்று அவர் சொல்வது 4 அடி வயர், அதோடு டிபியிலிருந்து ஏற்றுகிற துண்டு. ஒரு வீட்டின் செலவில் அது ஒரு பேச்சே இல்லை. சாய்வாக வெட்டிய இடத்தை மேசன் பாஸ் நல்ல சீமெந்துக் கலவையால் இறுக்கி அடைக்கட்டும். வெறும் பூச்சால் மூடிவிட்டால் அந்தக் கோட்டிலேயே பிறகு வெடிக்கும். இன்னொன்று, 4 அங்குலச் சுவரில் இரண்டு அறைக்கும் ஒரே இடத்தில் முதுகோடு முதுகாக சங்க் பொக்ஸ் (சுவிட்சுக்கும் பிளக்குக்கும் சுவருக்குள் புதைக்கிற பெட்டி) வைக்க விடாதீர்கள்.

லயத்தில் இருக்கிறோம். போன மாதம் பக்கத்துக் காம்பரா அண்ணன் டிவி மாட்ட நடுச்சுவரைத் துளைத்தார். எங்கள் வீட்டில் லைட் எல்லாம் நின்றுவிட்டது, அவருக்கும் கை உதறியது. தன் வீட்டு மெயின் சுவிட்சை அணைத்துவிட்டுத்தான் துளைத்தேன் என்கிறார். யார் மேல் பிழை?
– வாசகர், மஸ்கெலியா

அந்த அண்ணன் மேல் பிழை சொல்ல எனக்கு வாய் வராது. செய்ய வேண்டியதைச் செய்துவிட்டுத்தான் துளைத்திருக்கிறார். அவர் அணைத்தது அவர் வீட்டு மின்சாரத்தை, சுவருக்குள் இருந்தது உங்கள் வீட்டு மின்சாரம். ட்ரில்லுக்குக் கரண்ட் எங்கிருந்து எடுத்தார் என்று நீங்கள் எழுதவில்லை, பெட்டரி ட்ரில்லாக இருக்கலாம். எப்படியிருந்தாலும் அவர் உயிர் தப்பியதே பெரிய புண்ணியம்.

பிழை, பொதுச் சுவருக்குள் வயரைப் புதைத்ததில் இருக்கிறது. முந்திய பதிலில் சொன்ன நேர்க்கோட்டு விதிக்கு ஒரு நிபந்தனை உண்டு. 100 மில்லிமீற்றர் அல்லது அதற்குக் குறைந்த தடிப்புள்ள சுவராக இருந்தால், சுவரின் மறுபக்கத்திலும் அதே கோட்டை வயர் போகும் இடமாக எடுத்துக்கொள்ளலாம். ஆனால் பொயிண்ட் எங்கே இருக்கிறது என்பது மறுபக்கத்தில் நிற்பவருக்குத் தெரிய வேண்டும். ஒரே வீட்டின் இரண்டு அறை என்றால் போய் எட்டிப் பார்க்கலாம். பக்கத்து வீட்டுக்காரர் உங்கள் பிளக் எங்கே இருக்கிறது என்று எப்படி அறிவார்? அவர் பக்கம் அது வெறும் சுவர்.

முதுகோடு முதுகாக இரண்டு வரிசை உள்ள இரட்டை லயமாக இருந்தால் நிலைமை இன்னும் இறுக்கம். இடது, வலது, பின்பக்கம் என்று மூன்று சுவரும் பொதுச் சுவர், உங்களுக்கென்று இருப்பது இஸ்தோப்பு, அதாவது முன் விறாந்தைப் பக்கச் சுவர் ஒன்றுதான். தொங்கல் (வரிசைக் கடைசி) காம்பராக்காரருக்குக் கூடுதலாக ஒன்று கிடைக்கும். பழைய லயச் சுவர்கள் பல கருங்கல்லும் மண்ணும் வைத்துக் கட்டியவை. கிரைண்டரை விட்டால் கல் அசையும், இடுக்கில் இருக்கிற மண் உதிரும். அதில் வெட்டி வயர் புதைப்பது சுவருக்கும் கேடு.

நான் லயங்களில் வேலை செய்யும்போது பொதுச் சுவர் எதையும் வெட்டுவதில்லை. வயரைக் கூரைச் சட்டத்தோடு கொண்டுவந்து, இஸ்தோப்புச் சுவரில் மட்டும் உள்ளே இறக்குவேன். மற்றச் சுவர்களில் பொயிண்ட் தேவையானால் பிளாஸ்டிக் கேஸிங்தான். "வெளியே தெரிந்தால் அழகில்லையே" என்று வீட்டுப் பெண்கள் சொல்வார்கள். வெள்ளைச் சுவரில் வெள்ளைக் கேஸிங்கை மட்டம் பிடித்து, மூலையைச் சரியாக வெட்டிப் பொருத்தினால் கண்ணை உறுத்தாது. கேஸிங்கைப் பொருத்துகிற திருகாணிக்கு நான் ஓர் அங்குல ஆழத்துக்கு மேல் துளை போடுவதில்லை, அந்தப் பக்கத்தில் என்ன இருக்கிறது என்று எனக்கும் தெரியாதல்லவா.

இப்போது நீங்கள் செய்ய வேண்டியது: துளை பட்ட வயரை அந்தச் சுவரை விட்டே எடுத்துவிடுங்கள். உள்ளே முறுக்கி டேப் சுற்றிப் பூசிவிட வேண்டாம். அந்த அண்ணனோடு உட்கார்ந்து, இரண்டு வீட்டு வயரும் நடுச்சுவரில் எங்கெங்கே இருக்கிறது என்று பார்த்துச் சோக்கட்டியால் கோடு போடுங்கள். அது முழுக்க வெளியே வரும்வரை, யார் துளைத்தாலும் இரண்டு வீட்டு மெயினும் அணைந்திருக்க வேண்டும்.

எப்படியும் சீமெந்து பூசத்தானே போகிறோம், பைப் இல்லாமல் வயரை நேராகப் புதைத்தால் என்ன?
– வாசகர், பூண்டுலோயா

ஒற்றை வயர்களை அப்படிப் புதைக்கவே கூடாது. ஒரு சுற்று இன்சுலேஷன் மட்டும் உள்ள வயர் பைப்புக்குள்தான் போக வேண்டும். கரணை இழுப்பில் கீறல் விழும், மணலில் இருக்கிற சிறு கல் குத்தும், அது அன்றைக்குத் தெரியாது. அடுத்த மழைக்குத் தெரியும். பைப் இருந்தால் பழுதான வயரை உருவி எடுத்துப் புது வயரை இழுக்கலாம், சுவரை உடைக்க வேண்டியதில்லை. ஆனால் ஆணிக்குப் பி.வி.சி. பைப் ஒரு தடையே இல்லை. பைப் போட்டிருக்கிறேன் என்ற தைரியத்தில் நேர்க்கோட்டை மறந்துவிடாதீர்கள்.

ஷவர் ஹீட்டர் ஒன்று வாங்கி வைத்திருக்கிறோம், பெட்டியில் 4500 வாட் என்று போட்டிருக்கிறது. அடுத்த அறை 13 அம்பியர் பிளக்கிலிருந்து சுவரைத் துளைத்து வயர் இழுத்துக் கொடுக்கலாம் என்று ஒருவர் சொல்கிறார். செய்யலாமா?
– வாசகி, நுவரெலியா

செய்யக் கூடாது. 4500 வாட்டை நம் 230 வோல்ட்டால் வகுத்தால் ஏறக்குறைய 20 அம்பியர் வருகிறது. 13 அம்பியர் பிளக் தாங்குவது 3000 வாட் அளவுதான். முதல் சில நாட்கள் வேலை செய்வது போலிருக்கும். பிறகு பிளக்கின் முகம் மஞ்சளாகி, அப்புறம் பழுப்பாகி, முள் போகிற ஓட்டை இளகத் தொடங்கும். நுவரெலியாக் குளிரில் வீட்டில் நாலு பேர் ஒருவர் பின் ஒருவராகக் குளிப்பார்கள், சூடு ஆறுவதற்கு நேரமே கிடைக்காது. சுவருக்குள் இருக்கிற வயரும் அதே சூட்டில்தான் கிடக்கும், அது கண்ணுக்குத் தெரியாது.

ஹீட்டருக்கு டிபி பொக்ஸிலிருந்து தனி சேர்க்கிட் எடுங்கள். வயர் 7/0.85 (0.85 மில்லிமீற்றர் தடிப்புள்ள ஏழு இழை), தூரம் அதிகமானால் 7/1.04. எம்சிபி (கரண்ட் அளவு மீறினால் தானாக விழுகிற சுவிட்ச்) எத்தனை அம்பியர் என்பதை ஹீட்டரையும் வயரையும் பார்த்து வயரிங் செய்கிறவர் தீர்மானிக்கட்டும். லைவ், நியூட்ரல் இரண்டையும் ஒன்றாகத் துண்டிக்கிற சுவிட்சைக் குளியலறைக்கு வெளியே வையுங்கள். குளியலறைக்குள் பிளக் வேண்டவே வேண்டாம்.

வயர் போகிற வழியைப் பற்றிக் கட்டாயம் ஒன்று சொல்ல வேண்டும். குளியலறையில்தான் சுவரில் துளை போடும் வேலை அதிகம். துவாய்க் கம்பி, கண்ணாடி, சோப்புத் தட்டு என்று ஒவ்வொன்றுக்கும் இரண்டு துளை. டைல்ஸ் ஒட்டிய பிறகு சுவரில் எந்த அடையாளமும் மிஞ்சாது. ஆகவே வயர் சீலிங்கிலிருந்து ஹீட்டருக்கு நேர் மேலாக இறங்கட்டும். ஹீட்டருக்கு மேலே உள்ள அந்த டைல்ஸ் வரிசை முழுவதையும் ஒருவரும் தொடக் கூடாது என்று வீட்டில் எல்லோருக்கும் சொல்லி வையுங்கள். தண்ணீர்ப் பைப் கீழிருந்து வரட்டும். ஒழுக்குத் தேடி டைல்ஸை உடைக்க வருகிற பைப் வேலைக்காரரின் உளி வயரில் விழாது.

மழைக்காலத்தில் குசினிச் சுவரில் கை வைத்தால் சுருக்கென்று கரண்ட் அடிக்கிறது. ட்ரிப் சுவிட்ச் அடிக்கடி விழுந்துகொண்டே இருந்ததால் மாமா அதைக் கழற்றிவிட்டு நேராகக் கொடுத்துவிட்டார். இப்போது கரண்ட் நிற்பதில்லை. ஆனால் சுவரைத் தொடப் பயமாக இருக்கிறது.
– வாசகி, தலவாக்கலை

தங்கச்சி, இதைப் படித்தவுடன் மெயின் சுவிட்சை இறக்குங்கள். மிச்சத்தைப் பிறகு படிக்கலாம்.

மாமா நல்ல மனதோடுதான் செய்திருப்பார், அவரோடு சண்டைக்குப் போக வேண்டாம். ஆனால் அவர் கழற்றியது இத்தனை நாளும் உங்களைக் காப்பாற்றிக்கொண்டிருந்த பொருள். எங்கோ வயரின் தோல் பழுதாகி, ஈரச் சுவர் வழியாகக் கரண்ட் கசிகிறது. போகிற கரண்டும் திரும்பி வருகிற கரண்டும் ஒன்றாக இல்லை என்று கண்டால் ட்ரிப் சுவிட்ச் விழும். வீடுகளுக்குப் போடுவது 30 மில்லி அம்பியர் வித்தியாசத்துக்குள் விழுகிற ரகம். அதன் முகத்திலேயே அந்த இலக்கம் அச்சிட்டிருக்கும்.

எம்சிபி இருக்கிறதே, அது விழாதா என்று மாமா கேட்பார். விழாது. நம் வீடுகளில் எர்த் என்பது நாமே நிலத்தில் அடிக்கிற கம்பிதான். மலைநாட்டில் இரண்டடி தோண்டினால் பாறை தட்டும் இடங்கள் ஏராளம். அப்படிப்பட்ட மண்ணில் கம்பியின் தடை 100 ஓம் என்று வைத்துக்கொள்ளுங்கள். 230 வோல்ட்டை 100 ஆல் வகுத்தால் 2.3 அம்பியர். லைட்டுக்குப் போடுகிற 6 அம்பியர் எம்சிபி கூட அதற்கு அசையாது. கரண்ட் மணிக்கணக்கில் கசிந்துகொண்டே இருக்கும். அதே கசிவுக்கு 30 மில்லி அம்பியர் ட்ரிப் சுவிட்ச் கண் இமைக்கும் நேரத்தில் விழுந்துவிடும். தரை பாறையாக இருக்கிற ஊரில் ட்ரிப் சுவிட்ச் இல்லாத வீட்டுக்கு நான் சப்ளை கொடுக்கவே மாட்டேன்.

முதலில் ட்ரிப் சுவிட்ச் திரும்பவும் ஏற வேண்டும். பிறகு எல்லா எம்சிபியையும் இறக்கிவிட்டு ஒவ்வொன்றாக ஏற்றிப் பார்த்தால் எந்த சேர்க்கிட் என்று பெரும்பாலும் பிடிபடும். சில வேளை எல்லா எம்சிபியும் கீழே இருக்கும்போதும் ட்ரிப் விழும். அப்போது நியூட்ரல் வயர் எர்த்தைத் தொட்டுக்கொண்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும், ஏனென்றால் சாதாரண எம்சிபி லைவை மட்டும்தான் வெட்டும். வருகிற எலக்ட்ரீஷியனிடம் வயரின் தோலைச் சோதிக்கிற மெகர் இருக்கிறதா என்று கேளுங்கள். 500 வோல்ட்டில் சோதித்து ஒரு மெகா ஓமுக்குக் குறைந்தால் அந்த வயர் ஆகாது. மழை நாளிலேயே சோதிக்கச் சொல்லுங்கள், வெயிலில் சுவர் காய்ந்துவிட்டால் பழுது ஒளிந்துகொள்ளும்.

கடிதத்தில் இல்லாத ஒன்றை நான் ஊகித்துச் சொல்கிறேன். உங்கள் குசினி பின்பக்கம், மேட்டைச் செதுக்கிய மண்ணை ஒட்டி இருக்கிறதா? மலைநாட்டில் பாதி வீடுகள் அப்படித்தான். தென்மேற்கு மழை தொடங்கினால் மேட்டிலிருந்து இறங்குகிற தண்ணீர் அந்தச் சுவருக்குள்தான் ஊறும். மண் அணைத்த சுவரில் எந்த வயரையும் புதைக்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. குசினி பிளக்குகளைப் பக்கச் சுவருக்கு மாற்றுங்கள். எர்த் கம்பியை மட்டும் அந்த ஈரமான பக்கத்தில், சுவரை விட்டுக் கொஞ்சம் தள்ளி அடிக்கலாம், ஈர மண் எர்த்துக்கு நல்லது.

ட்ரிப் சுவிட்சில் டெஸ்ட் என்று ஒரு பொத்தான் இருக்கும். மூன்று மாதத்துக்கு ஒரு தடவையாவது அழுத்திப் பாருங்கள். அது விழுந்தால் சுவிட்ச் வேலை செய்கிறது என்று அர்த்தம். எர்த் கம்பி நன்றாக இருக்கிறதா என்பதை அந்தப் பொத்தான் சொல்லாது, அதைத் தனியாக அளக்க வேண்டும்.

பழைய வீடு ஒன்று வாங்கியிருக்கிறோம். வயரிங் எல்லாம் சுவருக்குள். எங்கே போகிறது என்று சொல்ல யாரும் இல்லை. படம், தட்டு எல்லாம் மாட்ட வேண்டும். எப்படிக் கண்டுபிடிப்பது?
– வாசகர், பண்டாரவளை

சீலிங்குக்கு மேலே ஏறிப் பாருங்கள், அல்லது ஏறத் தெரிந்த ஒருவரை அனுப்புங்கள். வயர் எந்த இடத்தில் சுவருக்குள் இறங்குகிறது என்பது அங்கே தெரியும். அதையும் கீழே இருக்கிற சுவிட்சையும் பிளக்கையும் சேர்த்துப் பார்த்தால் பாதிப் படம் கிடைத்துவிடும். சிவப்பு, கறுப்பு, பச்சை வயராக இருந்தால் அது பழைய காலத்து வேலை. இப்போதைய வேலையில் மண்ணிறம், நீலம், பச்சை மஞ்சள் கோடு. ஒரே பொக்ஸில் இரண்டு விதமும் கலந்து கிடந்தால் இடையில் யாரோ புகுந்து வேலை செய்திருக்கிறார், நேர்க்கோட்டை நம்பக் கூடாது.

பேனா போன்ற டெஸ்டரைச் சுவரில் தேய்த்துப் பார்த்துவிட்டு "சத்தம் வரவில்லை, வயர் இல்லை" என்று முடிவு கட்ட வேண்டாம். பூச்சுக்குள் இருக்கிற வயரை அது பல நேரம் காட்டாது, கரண்ட் இல்லாத வயரைக் காட்டவே காட்டாது. சுவருக்குள் வயரையும் இரும்பையும் தேடுகிற டிடெக்டர் அதைவிட நல்லது. அதற்கும் ஈரச் சுவரில் தடுமாற்றம் வரும். பூச்சுக்குள் கம்பி வலை இருந்தால் சுவர் முழுக்கக் கத்தும். தெரிந்த ஒரு சுவிட்சுக்கு மேலே முதலில் வைத்துப் பார்த்து, அது எப்படிக் காட்டுகிறது என்று பழகிக்கொண்டு தேடுங்கள்.

பழைய வீடுகளில் நான் மிகவும் பயப்படுவது, வேண்டாம் என்று கழற்றிப் பூசி மூடிவிட்ட பொயிண்டுகளுக்கு. வட்ட முள் 5 அம்பியர், 15 அம்பியர் பிளக்கைக் கழற்றிவிட்டு 13 அம்பியரை வேறு இடத்தில் வைத்திருப்பார்கள். பழைய வயர் உயிரோடு உள்ளேயே கிடக்கும், மேலே அடையாளம் எதுவும் இருக்காது. பக்கவெளிச்சத்தில் டோர்ச் அடித்துப் பாருங்கள், சதுரமாகப் பூச்சு வேறுபட்ட இடம் தெரியும். நீங்கள் ஏதாவது பொயிண்டை நிறுத்துவதானால் வயரை இரண்டு முனையிலும் துண்டித்து எடுங்கள். எடுக்க முடியாவிட்டால் பொக்ஸை அப்படியே விட்டு வெறும் மூடி போடுங்கள். அந்த மூடிதான் அடுத்தவருக்கு அடையாளம்.

துளைக்கும்போது மெயினை அணையுங்கள். சோலாரோ இன்வேர்ட்டரோ இருந்தால் அதையும் சேர்த்து.

கூரைத் தகரத்தை மாற்றினோம். அதற்குப் பிறகு மழை பெய்தால் தகரத்தில் கரண்ட் இருப்பதாகப் பிள்ளைகள் சொல்கிறார்கள். சுவரில் ஒரு பழுதும் இல்லை.
– வாசகர், பொகவந்தலாவை

பிள்ளைகள் சொல்வதை நம்புங்கள், மெயினை அணைத்துவிட்டுத் தேடுங்கள். தகரத்தைத் தாங்குகிற ரீப்பர் மரத்தின் மேல்முகத்தில் வயரைப் படுக்க வைத்திருப்பார்கள். தகரம் அடிக்க வந்தவர் மேலிருந்து திருகாணியை இறக்கியிருக்கிறார், அது வயரைக் குத்திக்கொண்டு மரத்துக்குள் போயிருக்கிறது. முழுத் தகரமும் லைவ். கூரைக்கு மேல் நிற்கிறவருக்குக் கீழே என்ன இருக்கிறது என்று தெரியாது, சுவருக்கு மறுபக்கத்தில் நிற்கிறவருக்குத் தெரியாதது போலத்தான். வயர் ரீப்பரின் பக்கத்தில், திருகாணியின் நுனி எட்டாத அளவு கீழே, பைப்புக்குள் போக வேண்டும். மரச் சட்டத்தைத் துளைத்து வயர் விடுவதானால் துளை மேல் விளிம்பிலிருந்தும் கீழ் விளிம்பிலிருந்தும் 2 அங்குலமாவது தள்ளி இருக்கட்டும். எலித் தொல்லைக்கும் பைப்தான் மருந்து. தகரத்தை மாற்றும்போது வயரிங்காரரையும் அரைநாள் கூப்பிடுகிற பழக்கம் நம்மிடம் இல்லை. வர வேண்டும்.

அடுத்த வாரம் பூச்சு வேலை தொடங்குகிறது. அதற்கு முன் நாங்கள் என்ன பார்க்க வேண்டும்?
– வாசகி, நோர்வூட்

ஃபோனை எடுத்து ஒவ்வொரு சுவரையும் படம் பிடியுங்கள். வெறுமனே பிடித்தால் பிறகு எந்தச் சுவர் என்றே தெரியாது. சோக்கட்டியால் சுவரிலேயே "குசினி – கிழக்கு" என்று எழுதி, அளவு நாடாவை மூலையிலிருந்து பைப் வரைக்கும் இழுத்துப் பிடித்துக்கொண்டு எடுங்கள். தரையிலிருந்து ஒரு தடவை, மூலையிலிருந்து ஒரு தடவை. சங்க் பொக்ஸுக்குள் கடதாசியைத் திணித்து வையுங்கள், சீமெந்து உள்ளே போகாது. சுவருக்குள் எங்காவது முறுக்கி டேப் சுற்றிய இணைப்பு இருந்தால் பூச விடாதீர்கள், இணைப்பு எல்லாம் திறந்து பார்க்கக்கூடிய பொக்ஸுக்குள்தான் இருக்க வேண்டும். படங்களை உங்கள் ஃபோனில் மட்டும் வைக்காமல் அச்செடுத்துக் காணிப் பத்திரத்தோடு வையுங்கள். ஃபோன் தொலையும், பத்திரத்தை யாரும் தொலைக்க மாட்டார்கள்.

ஆணி அடிக்கும்போது "டப்" என்று சத்தம் வந்து ட்ரிப் விழுந்தது. ஆணியைப் பிடுங்கிவிட்டு ஏற்றினேன், எல்லாம் வழக்கம் போல வேலை செய்கிறது. ஓட்டையைப் பட்டி பார்த்துவிட்டேன். இனிப் பயமில்லைதானே?
– வாசகர், பதுளை

பயம் இருக்கிறது தம்பி. ஆணி தோலைக் கிழித்து உள்ளே செம்பைத் தொட்டதால்தான் சத்தம் வந்தது. ஆணி வெளியே வந்துவிட்டது, கிழிந்த தோல் கிழிந்தபடியே இருக்கிறது. ஏழு இழை வயரில் இரண்டு மூன்று இழை அறுந்திருந்தாலும் லைட் எரியும், பிளக் வேலை செய்யும். மிச்ச இழைகள் முழு லோடையும் தாங்கிச் சூடாகும். நீங்கள் அடைத்த பட்டி ஈரத்தை இழுக்கும், அந்த ஈரம் நேராகக் கிழிந்த இடத்துக்குப் போகும். மறுபடி ஏறி நின்றுவிட்டது என்பதற்காக ட்ரிப் சுவிட்ச் வயர் சரி என்று சான்றிதழ் தரவில்லை.

வயர் பைப்புக்குள் இருந்தால் வேலை சுலபம், அந்தத் துண்டு முழுவதையும் உருவிப் புது வயர் இழுக்கலாம். பைப் உடைந்திருந்தால் அந்த இடத்தை மட்டும் திறந்து மாற்ற வேண்டிவரும். வேறு வழியே இல்லையென்றால் ஆணி பட்ட இடத்திலேயே சங்க் பொக்ஸ் ஒன்றைப் புதைத்து, அதற்குள் இணைப்பைக் கொடுத்து மூடி போடலாம். சுவரில் ஒரு மூடி தெரியும், தெரியட்டும். வேலை முடிந்ததும் மெகர் வைத்துச் சோதித்த பிறகே சப்ளை கொடுக்க வேண்டும்.

அதுவரை அந்த சேர்க்கிட்டின் எம்சிபியை இறக்கி, மேலே ஒரு டேப் ஒட்டி "ஏற்ற வேண்டாம்" என்று எழுதி வையுங்கள். ஆளை நாளைக்கு என்று தள்ளாமல் இன்றைக்கே கூப்பிடுங்கள்.